தங்கவயல்: 800 டன் வரவும் எழுதாத செலவும்

பெங்களூருவுக்குக் கிழக்கே சுமார் 100 கி.மீ. தொலைவில் உள்ள கோலார் தங்கவயலில் 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்க வேலை நின்றது. 1880இல் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் நிறுவனம் இங்கே கால் வைத்ததிலிருந்து எண்ணினால் 120 ஆண்டுகள். இந்த 120 ஆண்டுகளில் வெட்டி மேலே ஏற்றி அரைத்த கல் சுமார் 5.1 கோடி டன். அதிலிருந்து எடுத்த தங்கம் சுமார் 800 டன்.

800 டன் என்றால் 80 கோடி கிராம். சவரனுக்கு 8 கிராம் கணக்கில் 10 கோடி சவரன். தங்கம் அடர்த்தி மிகுந்த உலோகம். ஒரு கன மீட்டர் தங்கம் 19.3 டன் எடை இருக்கும். அதனால் தங்கவயல் தந்த அத்தனை தங்கத்தையும் ஒரே கட்டியாக வார்த்தால் நீளம், அகலம், உயரம் மூன்றும் மூன்றரை மீட்டர் உள்ள ஓர் அறையில் அடங்கிவிடும். அந்த ஓர் அறை அளவு தங்கத்துக்காக 3.2 கி.மீ. ஆழம் வரை குழி இறங்கியது. பூமிக்கடியில் சுமார் 1,400 கி.மீ. நீளத்துக்குச் சுரங்கப் பாதைகள் வெட்டப்பட்டன. ஒரு நகரமே எழுந்தது.

சுரங்கத்தை மூடியபோது சொல்லப்பட்ட காரணம் நட்டம். அந்தக் கணக்கில் வரவாக எழுதப்பட்டது தங்கம் மட்டும்தான். செலவிலோ நுரையீரலும், மண்மேடும், வேலையிழந்த குடும்பங்களும் எழுதப்படவில்லை. எழுதிப் பார்ப்பதே இந்தக் கட்டுரையின் நோக்கம்.

ஒரு டன் கல்லில் எத்தனை கிராம்?

இந்த மண்ணில் தங்கம் இருப்பது ஊராருக்கு முன்பே தெரியும். மைசூர் அரசின் கிழக்கு எல்லையை அளக்க 1802இல் வந்த லெப்டினன்ட் ஜான் வாரன், உரிகம், மாரிகுப்பம் பக்கத்து மக்கள் மண்ணை அலசித் தங்கம் பிரிப்பதைக் கண்டு குறித்துவைத்தார். பெங்களூரில் குடியேறியிருந்த அயர்லாந்துக்காரரான முன்னாள் படைவீரர் மைக்கேல் லாவெல் 1873இல் மைசூர் அரசிடம் உரிமம் கேட்டார். 1875இல் அவருக்கு 20 ஆண்டுக் குத்தகை கிடைத்தது. சுரங்கம் தோண்டுவது தனி ஒருவரின் பணத்தில் ஆகிற காரியமாக இல்லை. குத்தகை கைமாறி, 1880இல் லண்டன் முதலீட்டோடு மைசூர் சுரங்கம் தொடங்கியது. அடுத்த சில ஆண்டுகளில் ‘சாம்பியன் ரீஃப்’ என்ற படிகக்கல் நரம்பு அகப்பட்ட பிறகுதான் லாபம் வந்தது.

அந்த நரம்பு தரைக்கடியில் சுமார் 8 கி.மீ. நீளத்துக்கு ஓடுகிறது. அகலம் சராசரியாக ஒரு மீட்டரை ஒட்டியே இருக்கும். அதைத் துரத்திக்கொண்டு போனவைதான் மைசூர், சாம்பியன் ரீஃப், உரிகம், நந்திதுர்க்கம் என்ற நான்கு பெரிய சுரங்கங்களும்.

5.1 கோடி டன் கல்லுக்கு 800 டன் தங்கம் என்றால், டன்னுக்குச் சராசரி 15.7 கிராம், அரை டன் கல்லுக்கு ஒரு சவரன் என்று வைத்துக்கொள்ளலாம். வேறு வகையில் சொன்னால், சுமார் 64,000 பங்கு கல்லில் ஒரு பங்கு தங்கம். வெட்டியெடுத்த கல்லைக் கையில் வைத்துப் பார்த்தால் பெரும்பாலும் சாம்பல் நிறப் படிகக்கல்தான் தெரியும். தங்கம் கண்ணுக்குத் தட்டுப்படுவது அரிது. அந்தக் கல்லை உடைத்து, இடியாலையில் மாவாக இடித்து, நீரோடு கலந்து பாதரசம் பூசிய செப்புத் தகடுகளின் மேல் ஓடவிடுவார்கள். தகட்டில் ஒட்டாமல் தப்பிய தங்கத்தை சயனைடு கரைசலில் கரைத்து, துத்தநாகம் சேர்த்துப் பிரிப்பார்கள். மிஞ்சிய மாவு குவியலுக்குப் போகும்.

உற்பத்தி உச்சம் தொட்டது 1905இல். அந்த ஓர் ஆண்டில் மட்டும் 6 லட்சம் அவுன்சுக்கு மேல், அதாவது பதினெட்டரை டன்னுக்குக் குறையாமல் தங்கம் வந்தது. மைசூர் அரசுக்குச் சேர்ந்தது தங்கத்தின் மதிப்பில் 5 சதவீத உரிமைத்தொகை. அன்று அவுன்ஸ் ஏறத்தாழ 4 பிரிட்டிஷ் பவுண்டு, ஒரு பவுண்டுக்கு 15 ரூபாய். இந்தக் கணக்கில் அந்த ஆண்டுத் தங்கத்தின் மதிப்பு சுமார் 24 லட்சம் பவுண்டு, அதாவது ரூ.3.6 கோடி, அரசுக்குச் சேர வேண்டியது சுமார் ரூ.18 லட்சம். மீதி ரூ.3.42 கோடியில் கூலியும் மற்றச் செலவும் போக, லாபம் கப்பலேறி லண்டன் பங்குதாரர்களிடம் போனது.

மின்சாரம், ரயில், தண்ணீர்

பங்காரப்பேட்டையிலிருந்து தங்கவயலுக்கு 16 கி.மீ. கிளை ரயில்பாதை 1894இல் திறக்கப்பட்டது. கோரமண்டல், உரிகம், சாம்பியன், மாரிகுப்பம் என்ற நிலையப் பெயர்களைப் படித்தாலே சுரங்கங்களின் வரிசை தெரிந்துவிடும்.

மின்சாரம் வந்த கதை இன்னும் பெரியது. காவிரியின் சிவசமுத்திரம் அருவியில் நீர்மின் நிலையம் கட்டி, அங்கிருந்து 147 கி.மீ. தொலைவுக்குக் கம்பி இழுத்து, 1902 ஜூன் 30 அன்று தங்கவயலுக்கு மின்சாரம் கொண்டுவந்தார்கள். திவான் சேஷாத்ரி ஐயர் காலத்தில் முடிவான திட்டம் அது. அன்றைக்கு உலகத்தின் மிக நீளமான மின்கம்பித் தடங்களில் இதுவும் ஒன்று. பெங்களூரின் தெருவிளக்குகள் எரிந்தது 1905இல். தலைநகரம்போல் வளர்ந்துகொண்டிருந்த ஊருக்கு மூன்று ஆண்டு முன்னதாகவே ஆலைகளும் பம்புகளும் இங்கே மின்சாரத்தில் ஓடின. மைசூர் அரசு அந்த நீர்மின் நிலையத்தை எழுப்பத் துணிந்ததற்கு, வாங்கிக்கொள்ளத் தங்கவயல் தயாராக நின்றதுதான் காரணம். தென்னிந்திய மின்சார வரலாற்றின் முதல் பெரிய வாடிக்கையாளர் இந்தச் சிறு ஊர்.

தண்ணீர் பாலாற்றிலிருந்து வந்தது. நந்தி மலைப் பக்கம் பிறந்து பேத்தமங்கலா ஏரியை நிரப்பி, பிறகு வேலூர்ச் சீமைக்கு இறங்குகிற அதே பாலாறு. சுரங்கத்துக்கு ஆட்கள் வந்ததும் பெரும்பாலும் அந்தச் சீமையிலிருந்துதான்.

ஆட்கள்

1891 கணக்கெடுப்பில் தங்கவயலின் மக்கள்தொகை 7,085. 1901இல் 38,204. பத்தே ஆண்டில் ஐந்து மடங்குக்கும் மேல். வட ஆற்காடு, சித்தூர், சேலம் பக்கத்துக் கிராமங்களிலிருந்து மேஸ்திரிகளும் ஒப்பந்தக்காரர்களும் ஆள்சேர்த்துக் கொண்டுவந்தார்கள். வந்தவர்களில் பெரும்பகுதி நிலமில்லாத தலித் குடும்பங்கள். ஊரில் பண்ணை வேலைக்கும் சாதிக் கட்டுக்கும் தப்ப அவர்களுக்குக் கிடைத்த வழி, பூமிக்குள் இறங்குவதாக இருந்தது. பாறை உடைப்பதில் தேர்ந்த கார்ன்வால்காரர்களும் இத்தாலியர்களும் மேற்பார்வையில் இருந்தார்கள்; ஆங்கிலோ இந்தியர்கள் நடுவில்; துளை போட்டதும் கல் அள்ளியதும் தமிழும் தெலுங்கும் பேசியவர்கள். முப்பதாயிரம் பேர் வரை வேலை பார்த்த காலமும் உண்டு.

குடியிருப்பை ‘லைன்’ என்பார்கள். மூங்கில் தட்டியால் அடைத்த வரிசை வீடுகள். பத்தடிக்குப் பத்தடி அளவில் ஓர் அறை, முன்னால் சிறு தாழ்வாரம். பகல் ஷிப்ட் முடித்து வந்தவர் படுக்க, இரவு ஷிப்டுக்குப் போகிறவர் எழுந்து இடம் விட வேண்டியிருக்கும். மேட்டுப் பகுதியில் அதிகாரிகளுக்குப் பங்களா, தோட்டம், கிளப், கோல்ஃப் மைதானம். அதனால்தான் வெளியூர்க்காரர்கள் தங்கவயலை ‘குட்டி இங்கிலாந்து’ என்றார்கள். தட்டி வீட்டுக்காரர்களுக்கு அந்தப் பெயர் பொருந்தாது.

அந்த வரிசை வீடுகளிலிருந்து வந்த வரவு ஒன்று எந்தக் கம்பெனியின் ஆண்டறிக்கையிலும் ஏறவில்லை. தலித் பௌத்தச் சிந்தனையாளர் அயோத்திதாசப் பண்டிதர் 1907இல் சென்னையில் தொடங்கிய ‘ஒரு பைசாத் தமிழன்’ இதழுக்கு இங்கே உறுதியான வாசகர்கள் இருந்தார்கள். அவருடைய பௌத்த சங்கமும் இங்கே வேர்விட்டது. அவர் 1914இல் மறைந்த பிறகு, 1926 முதல் ‘தமிழன்’ இதழைத் தங்கவயலிலிருந்தே ஜி. அப்பாதுரையார் நடத்தினார். அயோத்திதாசரின் எழுத்துகளை நூலாக்கிக் காப்பாற்றியதில் சாம்பியன் ரீஃப்ஸ் சித்தார்த்தா புத்தகசாலைக்குப் பெரும் பங்கு உண்டு. 1954இல் அம்பேத்கர் இங்கு வந்துபோனார். கூலி வாங்கியவர்கள் தங்கள் சில்லறையில் ஓர் அறிவு இயக்கத்துக்கே பணம் கட்டியிருக்கிறார்கள்.

உரிமைப் போராட்டமும் பழையது. தொழிலாளர் அனைவரும் கைரேகை பதிய வேண்டும் என்ற ஏற்பாட்டை எதிர்த்து 1930இல் சுமார் 16,000 பேர் வேலைநிறுத்தம் செய்தார்கள். கைரேகை என்பது குற்றவாளிகளிடம் எடுப்பது என்ற மானக்கேடு அவர்களைச் சுட்டது. 1946 நவம்பர் 4 அன்று போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் 6 தொழிலாளர்கள் உயிரிழந்தார்கள். அந்த நாளை ஊர் இன்றும் நினைவுகூர்கிறது.

ஆழம், வெப்பம், தூசு

சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3.2 கி.மீ. ஆழம் வரை போனது. உலகின் மிக ஆழமான சுரங்கங்களில் ஒன்றாகப் பல காலம் இருந்தது. அந்த அடியில் பாறையின் வெப்பம் சுமார் 66 டிகிரி செல்சியஸ். கையை வைத்துக்கொண்டிருக்க முடியாத சூடு. குளிரூட்டிய காற்றை மேலிருந்து இறக்கினால்தான் ஆள் நிற்கவே முடியும்.

கேஜ் என்கிற கூண்டில் நெருக்கியடித்து நின்று இறங்குவார்கள். ஒரே கயிற்றில் அடிவரை போக முடியாது. ஒரு மட்டத்தில் இறங்கி, நடந்து, அடுத்த ஷாஃப்ட்டில் இன்னொரு கூண்டு ஏற வேண்டும். வேலைமுகத்தில் துளைக் கருவியைப் பாறையில் ஊன்றித் துளை போட்டு, வெடிமருந்து திணித்து, வெடித்த பிறகு கல் அள்ள வேண்டும்.

ஆழம் போகப் போக மேலே உள்ள பாறையின் பாரம் கூடும். வெட்டி வெறுமையாக்கிய இடத்தைச் சுற்றியுள்ள பாறை திடீரென வெடித்துச் சிதறும். சுரங்கக்காரர்கள் இதைப் ‘பாறை வெடிப்பு’ என்பார்கள். தரைமேல் உள்ள வீடுகளில் பாத்திரம் உருளும். நில அதிர்வு போலவே இருக்கும். 1962 டிசம்பரில் சாம்பியன் ரீஃபின் கிளென் பகுதியில் நேர்ந்த தொடர் வெடிப்பு, அவற்றில் மிகப் பெரியவற்றில் ஒன்று. பாறையின் நடத்தையை ஆராய்வதற்கென்றே தேசியப் பாறை இயக்கவியல் நிறுவனம் 1988இல் இந்த ஊரில் தொடங்கப்பட்டது.

பாறை வெடிப்பு ஒரு நொடியில் கொன்றது. தூசு இருபது ஆண்டு எடுத்துக்கொண்டது. படிகக்கல்லைத் துளைத்தால் வரும் மென்தூசு சிலிகா. அது நுரையீரலில் தங்கித் தழும்பாகி மூச்சை இறுக்கும், அதுதான் சிலிகோசிஸ். மைசூர் சிலிகோசிஸ் விதிகள் 1940இல் வந்தன. அந்தப் பத்தாண்டில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட தங்கவயல் தொழிலாளர்களைப் பரிசோதித்தபோது நூற்றுக்கு நாற்பதுக்கும் மேற்பட்டோருக்கு இந்த நோய் இருந்தது தெரிந்தது. முப்பதாயிரம் பேர் வேலை செய்த இடத்தில் நூற்றுக்கு நாற்பது என்பது 12,000 பேரின் நுரையீரல்கள். இதன் முழு விலை எந்தச் சவரனின் விலையிலும் சேர்க்கப்பட்டதில்லை.

இதே ஆழம் அறிவியலுக்கு ஒரு வரவும் தந்தது. தலைக்கு மேல் 2.3 கி.மீ. பாறை இருந்ததால் விண்ணிலிருந்து வரும் மற்றத் துகள்கள் வடிகட்டப்பட்டன. டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம், ஜப்பானின் ஒசாகா நகரப் பல்கலைக்கழகம், இங்கிலாந்தின் டர்ஹாம் பல்கலைக்கழகம் மூன்றும் சேர்ந்து, வளிமண்டல நியூட்ரினோவின் தடயத்தை 1965இல் இங்கே பதிவு செய்தன. உலகில் இதை முதலில் கண்ட இடங்களில் தங்கவயலும் ஒன்று. 1980களில் 140 டன் எடையுள்ள கருவியை இறக்கிப் புரோட்டான் சிதைவையும் தேடினார்கள். 1990களின் தொடக்கத்தில் ஆய்வகம் மூடப்பட்டது.

நட்டம் வந்த வழி

1956 நவம்பரில் மைசூர் அரசு சுரங்கங்களை நாட்டுடைமை ஆக்கியது. 1962 டிசம்பரில் மத்திய அரசின் கைக்குப் போயின. 1972 ஏப்ரலில் பாரத் கோல்ட் மைன்ஸ் லிமிடெட் என்ற பொதுத்துறை நிறுவனமாயின.

அரசுக்கு மாறிய அந்த ஆண்டுகளின் விலைக் கணக்கைக் கூர்ந்து பார்க்க வேண்டும். தங்கவயல் தங்கத்தை அரசு சந்தை விலைக்கு வாங்கவில்லை. பன்னாட்டு நாணய நிதியத்தின் விலையான தோலாவுக்கு ரூ.62.50 என்ற கணக்கில் எடுத்துக்கொண்டது. தோலா 11.66 கிராம், ஆகவே சவரன் சுமார் ரூ.43. அதே 1960 வாக்கில் உள்நாட்டுச் சந்தையில் 10 கிராம் ரூ.110ஐ ஒட்டி விற்றது. அதாவது சவரன் ரூ.88. சவரனுக்கு ரூ.45 வித்தியாசம். ஒரு டன்னில் 1,25,000 சவரன் உண்டு. ஒவ்வொரு டன்னுக்கும் தங்கவயலின் கணக்கிலிருந்து ரூ.56 லட்சம் கழிந்தது. பாதி விலைக்கு விற்கச் சொல்லிவிட்டு, நட்டத்தில் ஓடுகிறது என்று மானியம் கொடுப்பது எந்த வியாபாரத்திலும் நியாயமான கணக்காகாது.

இன்னொரு பக்கம் கல்லின் வளம் குறைந்தது உண்மை. கடைசி ஆண்டுகளில் டன்னுக்குச் சுமார் 3 கிராம்தான் தேறியது. 120 ஆண்டுச் சராசரிப்படி ஒரு சவரனுக்கு அரை டன் கல் போதும், கடைசியில் 2.7 டன் வேண்டியிருந்தது. அதையும் இரண்டு, மூன்று கிலோமீட்டர் ஆழத்திலிருந்து ஏற்ற வேண்டும். நீரை ஓயாமல் இறைக்க வேண்டும். காற்றைக் குளிர்விக்க வேண்டும். 1992இல் நிறுவனம் நலிந்த தொழிலாக அறிவிக்கப்பட்டது. 2000இல் கலைத்துவிடப் பரிந்துரை வந்தது. மறு ஆண்டு மூடியபோது மூவாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் வேலை இழந்தார்கள். பம்புகள் நின்றதும் சுரங்கங்களில் நீர் ஏறியது.

இன்று நிற்பவை

பழைய ஷாஃப்ட்டுகளில் சிலவற்றின் இரும்புக் கோபுரங்கள் நிற்கின்றன. சாம்பியன் ரீஃப்ஸில் வெற்றி மாதா ஆலயம், கிளப் கட்டடம், ஐந்து விளக்கு முனை, மைசூர் ரெசிடென்டாக இருந்த டொனால்டு ராபர்ட்சன் பெயரைத் தாங்கும் ராபர்ட்சன்பேட்டைக் கடைத்தெரு எல்லாம் அன்றைய ஊரின் வரைபடத்தைச் சொல்கின்றன. சில கி.மீ. தள்ளி கம்மசந்திராவில் கோடிலிங்கேஸ்வரர் கோயிலின் 108 அடி லிங்கத்தைப் பார்க்க வெளியூர்க் கூட்டம் வருகிறது. விடியலில் மாரிகுப்பத்திலிருந்து புறப்படும் ரயிலில், சுரங்கத் தொழிலாளர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் பெங்களூருவுக்கு வேலைக்குப் போகிறார்கள். போக 100 கி.மீ., வர 100 கி.மீ. 2001 கணக்கெடுப்பில் ராபர்ட்சன்பேட்டையின் மக்கள்தொகை 1.4 லட்சத்தைத் தாண்டியிருந்தது. சுரங்கம் போனாலும் ஊர் போகவில்லை.

எந்தத் திசையிலிருந்து வந்தாலும் முதலில் கண்ணில் படுவது சயனைடு மேடு. அரைத்துத் தங்கம் எடுத்த பிறகு கொட்டிய மாவுதான் சாம்பல் மலையாகக் கிடக்கிறது. மழை அரித்த ஓடைகள் அதன் சரிவில் மேலிருந்து கீழே கோடு போட்டிருக்கும். கையில் அள்ளினால் கோதுமை மாவைவிட மென்மை, விரலிடுக்கில் நிற்காது. காற்றடிக்கும் காலத்தில் அது வீட்டுக்குள் வந்து சோற்றுப் பானை மூடிமேல் படிகிறது. சுரங்கத்துக்குள் இறங்காத பெண்களும் குழந்தைகளும் அதே தூசைச் சுவாசிக்கிறார்கள். சினிமாக்காரர்களுக்கு அது படப்பிடிப்புத் தளம். பக்கத்து லைன் வீட்டுக்காரர்களுக்கு அது இருமல்.

நிலுவை

இந்த மேடுகளில் மீண்டும் தங்கம் எடுக்கலாம் என்ற பேச்சு இப்போது வலுத்திருக்கிறது. 13 மேடுகள், சுமார் 1,003 ஏக்கர், 3.3 கோடி டன் மாவு. அவற்றை ஏலம் விடும் மத்திய அரசின் யோசனைக்குக் கர்நாடக அமைச்சரவை 2024 ஜூனில் இசைவு தந்தது. டன்னுக்கு 0.7 கிராம் என்ற மதிப்பீட்டில் உள்ளே இருப்பது சுமார் 23 டன் தங்கம்.

கணக்கைப் போடுவோம். 23 டன் என்றால் 2.3 கோடி கிராம். 2024 விலையை ஒட்டிக் கிராம் ரூ.7,000 என்று வைத்தால் ரூ.16,100 கோடி. பாதிதான் தேறும் என்றாலும் ரூ.8,050 கோடி. எதிர்ப்பக்கம்: 3.3 கோடி டன்னை 10 டன் டிப்பர் லாரியில் அள்ளினால் 33 லட்சம் நடை. நிமிடத்துக்கு ஒரு லாரி வீதம் இரவு பகலாக ஓடினாலும் ஆறு ஆண்டுக்கு மேல் ஆகும். அத்தனை காலமும் மாவு கிளறப்படும், தூசு எழும்பும். அரைத்த மாவைக் கொட்ட மறுபடியும் இடம் வேண்டும்.

ஆகவே ஏல ஆவணத்தின் செலவுப் பக்கத்தில் மூன்று வரிகள் முதலில் ஏற வேண்டும். ஒன்று, தூசை அடக்கவும் நிலத்தடி நீரைக் காக்கவும் ஆகும் செலவு. இரண்டு, பழைய தொழிலாளர் குடும்பங்கள் அனைவருக்கும் நுரையீரல் பரிசோதனையும் சிகிச்சையும் தரும் மருத்துவமனை. மூன்று, மூன்று தலைமுறையாகக் குடியிருக்கும் லைன் வீடுகளுக்குப் பட்டாவும் தண்ணீரும் கழிப்பறையும். பாதி தேறும் கணக்கிலேயே ஒரு சதவீதம் ஒதுக்கினால் ரூ.80 கோடி கிடைக்கும். மைசூர் மன்னர் 1905இல் தம் பங்காக 5 சதவீதம் கேட்டு வாங்கினார். அந்தத் தங்கத்தை மேலே ஏற்றியவர்களின் பேரப்பிள்ளைகள் 2001இலிருந்து காத்திருக்கிறார்கள். அவர்கள் ஒரு சதவீதத்தைக் கேட்டால் அது சலுகை ஆகாது, 800 டன் கணக்கில் வராமல் நிற்கும் பழைய பாக்கி. ஏலத்தில் முதல் ரூபாய் கைமாறுவதற்கு முன் அந்தப் பாக்கியைக் கொடுத்துத் தீர்க்க வேண்டும்.